தையல்நாயகி சிரித்த படங்கள்

1931 ஜூலை 6, திங்கள்

டாக்டர் வந்து என் பெண்டாட்டி தையலைப் பார்த்துவிட்டுப் போனார். க்ஷயம்தான். வலப்பக்கத்து நுரையீரலில் நன்றாக இறங்கிவிட்டதாம். மாடிப்படி ஏறக் கூடாது, உரக்கப் பேசக் கூடாது, பாரம் தூக்கக் கூடாது. பால், முட்டை, ஜன்னல் காற்று, படுக்கை. எல்லாவற்றுக்கும் நானும் அன்னபூரணி அக்காவும் தலையாட்டிக்கொண்டு நின்றோம். அக்கா தையலுக்கு மூத்தவள், ஒத்தாசைக்காகக் காஞ்சிபுரத்திலிருந்து வந்திருக்கிறாள். வாசலில் பூட்ஸை மாட்டிக்கொண்டே டாக்டர் கடைசியாக ஒன்று சொன்னார்.

"முக்கியமா, அவங்க சிரிக்கக் கூடாது. சிரிச்சா இருமல் வரும், இருமினா ரத்தம் வரும். வேடிக்கை கீடிக்கை பேசி யாரும் சிரிக்க வெச்சிடாதீங்க."

பிறகு எனக்கு என்ன உத்தியோகம் என்று கேட்டார். சினிமாக் கம்பெனி என்றேன். அதில் என்ன வேலை என்றார். மேனேஜர் என்று சொல்லிவிட்டேன். ஹாஸ்யப் படம் எடுக்கிறவன் என்று சொல்ல அப்போது நாக்கு எழவில்லை.

ஜூலை 8

அடுப்படியை அக்கா எடுத்துக்கொண்டுவிட்டாள். கம்பெனியிலிருந்து வந்ததும் போய் நிற்க எனக்கு இடமில்லாமல் போயிற்று.

நான் இதுவரை எடுத்த குட்டிப் படம் ஒவ்வொன்றும் முதலில் இந்த அடுப்படியில்தான் ஓடியிருக்கிறது. தையல் அரிவாள்மணையில் உட்கார்ந்து காய் நறுக்குவாள். நான் விழுவேன், வழுக்குவேன், அண்டாவுக்குள் காலை விட்டுக்கொள்வேன். சுலபத்தில் சிரிக்கிறவள் இல்லை, கல்நெஞ்சுக்காரி. கம்பெனியில் முதலாளி சிரித்தால் எல்லாரும் சிரிப்பார்கள், அதை நம்ப முடியாது. கொட்டகையையும் நம்ப முடியாது. ஊமைப் படத்துக்குக் கதை சொல்லத் திரைக்குப் பக்கத்தில் ஓர் ஆளை நிறுத்தி வைத்திருக்கிறார்களே, அந்தக் கடன்காரன் தன் சொந்த விகடத்தையெல்லாம் என் படத்தின்மேல் கொட்டுவான். ஜனங்கள் அவனுக்குச் சிரித்தார்களா எனக்குச் சிரித்தார்களா என்று பிரம்மாவுக்கே தெரியாது.

தையலுக்குச் சிரிப்பு வந்துவிட்டால் சத்தமே வராது. முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பிக்கொள்வாள். தோள் மட்டும் குலுங்கும். குலுங்கினால் மறுநாள் எடுப்பேன், குலுங்காவிட்டால் விட்டுவிடுவேன். ஒன்பது வருஷமாக இதுதான் என் வித்தை. இதில் ஒரு படத்தைக்கூட அவள் கொட்டகையில் பார்த்ததில்லை. இருட்டில் மூட்டைப்பூச்சி கடிக்கும் என்பாள்.

ஜூலை 15

ஏகாம்பர முதலாளி கூப்பிட்டு அனுப்பினார். பேசும் படம் வரப்போகிறது, இனிமேல் குட்டிப் படம் கிடையாது என்றார். கையில் இருக்கும் 'கூப்பிடாத விருந்தாளி'தான் கடைசி. ஐப்பசி மழைக்கு முன்னால் முடித்தாக வேண்டும். அது நன்றாக வந்தால் டாக்கியில் எனக்கு இடம் உண்டு, இல்லாவிட்டால் என் வழியைப் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

இத்தனை படம் எடுத்தும் என் பெயர் ஊரில் ஒருவருக்கும் தெரியாது. என் படங்களில் நடிக்கிற பராங்குசத்தைத் தெரியும். அவன் தெருவில் நடந்தால் பின்னாலேயே கூட்டம் போகும். அவனை விழச் சொன்னவன் இன்னொருவன் இருக்கிறான் என்று யார் நினைக்கப் போகிறார்கள்? எனக்கு அதில் வருத்தமில்லை. தையலுக்குத்தான் உண்டு. நோட்டீஸில் மாசிலாமணி என்று ஓர் எழுத்தாவது போடக் கூடாதா என்று கேட்பாள்.

ஜூலை 19

வீட்டில் கவனமாக இருக்கிறேன். கத்தரிக்காய் விலை, டிராம் கூட்டம், தண்ணீர்க் குழாய் தகராறு, இவை தவிர வேறொன்றும் பேசுவதில்லை. இன்று தையல் என் நெற்றியில் கை வைத்துப் பார்த்தாள்.

"உங்களுக்கு உடம்பு சரியில்லையா?" என்றாள்.

ஜூலை 27

கீழ்ப்பாக்கத்துத் தோட்டத்தில் கல்யாணப் பந்தல் போட்டு, மேலே வெள்ளைத் துணி கட்டி, நல்ல வெயிலில் எடுத்தோம். கதை இவ்வளவுதான்: பசித்தவன் ஒருவன் (பராங்குசம்) முன்பின் தெரியாத கல்யாணத்தில் நுழைகிறான். பந்திக்கு முந்து என்பார்கள். இவன் முந்தித்தான் உட்காருகிறான். ஆனால் இலையில் சோறு விழும் நேரத்தில் யாராவது வந்து எழுப்பிவிடுகிறார்கள். அடுத்த பந்தியிலும் அப்படியே.

கழுவின பிலிம் சுருளை இன்று போட்டுப் பார்த்தோம். ஒருவரும் சிரிக்கவில்லை. முதலாளி மூக்குப்பொடி போட்டுக்கொண்டார். வெளியே வந்ததும் பராங்குசம் மெதுவாகக் கேட்டான், "அண்ணே, இதை அண்ணிகிட்ட நடிச்சுக் காட்டினீங்களா?"

இல்லை என்றேன். அவனுக்கு விஷயம் தெரியும்.

ஆகஸ்ட் 2

தையல் இன்று தானாகவே படத்தைப் பற்றிக் கேட்டாள். சொன்னேன். நடித்துக் காட்டவில்லை, கையைக்கூட ஆட்டவில்லை. நாற்காலியில் உட்கார்ந்து, கோர்ட்டில் சாட்சி சொல்கிறவனைப் போல ஒரே குரலில் சொன்னேன். மோர் ஊற்றுகிறவன் மட்டும் பராங்குசத்தை விடாமல் துரத்துகிறான் என்று வைத்தால் எப்படி? சாதம் வராத இலையில் மோர் வந்து விழுகிறது. இவன் இடம் மாறினால் மோரும் கூடவே வருகிறது. இது சமாசாரம் சொல்வதுதானே தவிர, சிரிக்க வைப்பது ஆகாது.

அவள் உதட்டை இறுக மூடிக்கொண்டு கண்ணையும் மூடிக்கொண்டாள். தோள் அசையவே இல்லை. சற்றுப் பொறுத்து, "நல்லா இருக்கு, எடுங்க" என்றாள்.

அப்புறம் அவளே ஓர் ஏற்பாடு சொன்னாள். நான் சப்பென்று சொல்ல வேண்டியது, அவள் சிரிக்காமல் கேட்க வேண்டியது. சிரிப்பு வருகிற இடம் வந்தால் ஒரு விரலைத் தூக்குவாள். டாக்டர் வாக்கும் தப்பாது, படமும் நடக்கும். கூழுக்கும் ஆசை மீசைக்கும் ஆசை என்று இருக்கிற எனக்கு இது எவ்வளவு சௌகரியம்!

ஆகஸ்ட் 3

சந்தனக் கிண்ணம் காட்சி. விரல் உயர்ந்தது.

ஆகஸ்ட் 9

மோர் காட்சியைப் புதிதாக எடுத்தோம். பந்தலில் இருந்த சமையல்காரர்கள்கூடச் சிரித்தார்கள். மனசு நிறைந்து வீட்டுக்கு வந்தேன். தையலுக்குச் சாயங்காலம் கொஞ்சம் இருமல். ஆடிக் காற்றில் தூசி அதிகம், ஜன்னலை அரைவாசி சாத்தச் சொன்னேன்.

ஆகஸ்ட் 20

என் பழைய வேட்டி இரண்டைக் கேட்டு வாங்கிக் கிழித்து வைத்துக்கொண்டிருக்கிறாள். வியர்வை துடைக்கவாம். இன்னும் ஒன்று வேண்டும் என்றாள். பெட்டியைக் குடைந்து எடுத்துக் கொடுத்தேன். மாமனார் விழுகிற காட்சி சொன்னேன். விரல்.

செப்டம்பர் 1

இன்று ஒரே மூச்சில் இரண்டு காட்சி. இரண்டுக்கும் விரல் எழுந்தது. இரண்டாவதில் அவள் கழுத்து நரம்பு புடைத்து முகம் குப்பென்று சிவந்துவிட்டது. வெளுத்துக் கிடந்த முகம், கொஞ்சம் ரத்தம் ஊறியிருக்கிறது. முட்டையும் பாலும் வேலை செய்கிறது என்று அக்காவிடம் சொன்னேன். அவளுக்கு நான் அந்த அறைக்குள் போவதே பிடிக்கவில்லை.

செப்டம்பர் 10

மெத்தையை வெயிலில் போட அக்கா தூக்கியிருக்கிறாள். அடியில் என் வேட்டித் துணிகள். சுருட்டிச் சுருட்டிச் செருகி வைத்திருந்தாள். காய்ந்து விறைத்துப்போன ரத்தம்.

நான் கம்பெனியிலிருந்து வந்ததும் அக்கா அவற்றை முற்றத்தில் பரப்பிக் காட்டினாள். சத்தம் போடவில்லை.

"தம்பி, நீங்க அவளைச் சிரிக்க வெக்கறீங்களா?"

"இல்லக்கா. ஒரு நாளும் அவ சிரிக்கலை."

நான் சொன்னது சத்தியம். டாக்டரிடமும் அதையே சொன்னேன். விரல் ஏற்பாட்டையும் சொன்னேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். சிரிப்பதைவிடச் சிரிப்பை அடக்குவதுதான் பொல்லாதது, உள்ளே இருக்கிற புண்ணை அது பிடித்து இழுக்கும், இது உங்களுக்குத் தெரிய வேண்டாமா என்றார். எனக்கு எப்படித் தெரியும்? சிரிப்பு வெளியே வந்தால் என்ன ஆகும் என்றுதான் இத்தனை வருஷம் பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே போனால் என்ன ஆகும் என்று நினைத்ததே இல்லை. என்னைச் செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது.

தையல் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டு சொன்னாள், "விரலைத் தூக்கினது நான்தானே. அவரை ஏன் நிக்க வெச்சுக் கேக்கறீங்க?"

செப்டம்பர் 16

அறை வாசற்படியோடு நின்று பேப்பர் படித்துக் காட்டுகிறேன். வட்ட மேஜை மகாநாடு, மழை நிலவரம், கப்பல் வருகை.

செப்டம்பர் 28

படத்துக்கு முடிவு இல்லை. சாயம் வெளுத்து எல்லாரும் துரத்த, பராங்குசம் சோறு நிறைந்த இலையை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு பந்தலை விட்டு ஓடுகிறான். அதுவரை எடுத்தாயிற்று. அப்புறம்? மரத்தில் ஏறச் சொன்னேன், கிணற்றில் விழச் சொன்னேன். அவனும் முகம் கோணாமல் ஏறினான், விழுந்தான். எதுவும் ஒட்டவில்லை. மேற்கே மேகம் கட்டுகிறது. முதலாளி, உனக்கு என்னப்பா ஆயிற்று என்கிறார்.

எனக்கு ஒன்றும் ஆகவில்லை. யாரிடம் சொல்லிப் பார்ப்பது என்றுதான் தெரியவில்லை.

அக்டோபர் 4

படம் முடிந்துவிட்டது என்று தையலிடம் பொய் சொன்னேன். என்ன முடிவு என்று கேட்டாள். அவனைப் பிடித்து அடித்துத் துரத்திவிடுகிறார்கள் என்றேன்.

"அது ஒரு முடிவா?" என்றாள். ரொம்ப மெலிந்துவிட்டாள். கழன்று விழாமலிருக்க வளையலில் நூல் சுற்றிப் போட்டிருக்கிறாள்.

அக்டோபர் 11, ஞாயிறு

அக்கா கடைத்தெருவுக்குப் போயிருந்த சமயம், தையல் என்னை உள்ளே வரச் சொன்னாள். படுக்கையில் தலையணையைச் சாய்த்து உட்கார வைக்கச் சொன்னாள். குரல் காற்றாகத்தான் வருகிறது.

"படம் முடியலைன்னு பராங்குசம் சொல்லிட்டான். அன்னைக்கு ஜன்னல் பக்கம் வந்து எட்டிப் பார்த்துட்டுப் போனான். உக்காருங்க, நான் சொல்றேன்."

வேண்டாம் என்றேன். "நான் சிரிக்கப் போறதில்லை. நீங்க சும்மா கேளுங்க" என்றாள்.

சொன்னாள். இலையோடு ஓடுகிறவன் கால் தடுக்கிச் சோற்றை மண்ணில் கொட்டிவிடுகிறான். அடுத்த தெருவில் ஒரு வீட்டில் பந்தி நடக்கிறது. கண்ணை மூடிக்கொண்டு புகுந்து உட்கார்ந்துவிடுகிறான். இலை போடுகிறார்கள், சோறு விழுகிறது, யாரும் எழுப்பவில்லை. வாய் நிறைய அடைத்துக்கொண்ட பிறகுதான் சுற்றிலும் பார்க்கிறான். எல்லாரும் அழுதுகொண்டிருக்கிறார்கள். அது கருமாதிச் சாப்பாடு.

இவ்வளவையும் சொல்லிவிட்டு, மேற்கொண்டு சொல்லாமல் செய்தே காட்டினாள். இடது உள்ளங்கைதான் இலை. வலது கையால் ஒரு கவளம் எடுத்து வாயில் போட்டாள். இரண்டு கன்னமும் புடைத்தது. திருதிருவென்று விழித்தாள். மென்றால் துக்கம் இல்லாதவன் என்பார்கள், மெல்லாவிட்டால் பசி விடாது. அழுதாள், மென்றாள். அழுதுகொண்டே மென்றாள். அழுகை கூடக் கூட யாரோ வந்து தேற்றி இன்னும் கொஞ்சம் பரிமாறுகிறார்கள். அழுத பிள்ளைக்குத்தானே பால்! ஆகவே இன்னும் உரக்க அழுகிறாள். கடைசியில் வயிறு நிறைந்து, கல்யாண வீட்டுப் பழக்கத்தில் இலையைத் தன் பக்கமாக மடித்தாள். பந்தியே அவளைப் பார்க்கிறது. துக்க வீட்டில் எதிர்ப்பக்கமாக அல்லவா மடிக்க வேண்டும்! கண்ணைத் துடைப்பதுபோல் துடைத்துக்கொண்டே, ஒரு விரலால் இலையை மெல்ல மெல்ல அந்தப் பக்கம் தள்ளினாள்.

நான் சிரித்துவிட்டேன். எத்தனை மாதத்துச் சிரிப்போ, அடக்க முடியவில்லை. துண்டை வாயில் வைத்துக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பினேன். திரும்பிப் பார்த்தபோது அவள் என் தோளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகத்தில் ஒரு கோடுகூட அசையவில்லை.

"எடுத்துடுங்க" என்றாள்.

இது எப்படித் தோன்றியது என்று கேட்டேன். படுத்துக் கிடக்கிறவளுக்கு நினைத்துப் பார்க்க வேறென்ன இருக்கிறது என்றாள். அக்கா வரும் சத்தம் கேட்டது. நான் வாசற்படிக்குப் போய்விட்டேன். இன்று இருமல் இல்லை. நல்ல நாள்.

அக்டோபர் 14

ராத்திரியெல்லாம் மழை, பகலிலும் விடவில்லை. படப்பிடிப்பு இல்லை. தையல் கஞ்சி வேண்டாம் என்கிறாள்.

அக்டோபர் 19

காலையில் தையல் போய்விட்டாள்.

அக்டோபர் 23

சாவு எடுத்த அன்று பராங்குசம் வீட்டுக்குள் வரவில்லை, தெருமுனையிலேயே நின்றான் என்று லாசர் சொன்னான். லாசர்தான் எங்கள் கேமராக்காரன். உள்ளே வந்தால் அவன் முகத்தைப் பார்த்து யாராவது சிரித்துவிடுவார்களோ என்று பயந்தானாம். அவன் அம்மா செத்தபோது அப்படி நடந்திருக்கிறது. பாடைக்கு முன்னால் நெருப்புச் சட்டியை ஏந்திப் போனவனைப் பார்த்துத் தெருவே சிரித்ததாம். இத்தனை நாள் பழகியும் அதை என்னிடம் அவன் சொன்னதில்லை.

ஒன்றும் ஓடவில்லை. சும்மா உட்கார்ந்திருக்கிறேன்.

நவம்பர் 3

கருமாதி. பராங்குசத்தை நானே போய்க் கையைப் பிடித்து அழைத்து வந்தேன். பந்தியில் என் எதிர் வரிசையில் உட்கார்ந்தான். யாரும் சிரிக்கவில்லை. அவன் ஒரு கவளம் வாயில் வைத்தான், அப்போதுதான் அழுகை வந்துவிட்டது அவனுக்கு. விழுங்கவும் முடியாமல் துப்பவும் முடியாமல் மென்றுகொண்டே அழுதான். அக்கா வந்து அவன் முதுகைத் தடவி, "சாப்பிடுப்பா, அவ உன்னைப் பத்தித்தான் பேசுவா" என்று இன்னும் கொஞ்சம் சாதம் போட்டாள்.

தையல் செய்து காட்டினதற்கும் இதற்கும் வித்தியாசமே இல்லை. கன்னம் எப்படிப் புடைக்கிறது, கண்ணீர் எந்த இடத்தில் வாய்க்குள் இறங்குகிறது, எல்லாவற்றையும் நான் பார்த்துக்கொண்டிருந்தேன். என் பெண்டாட்டியின் கருமாதியில் உட்கார்ந்து நான் பார்த்தது அதைத்தான். சீ என்று இருக்கிறது. ஆனாலும் பார்த்தேன்.

இலையை எதிர்ப்பக்கம் மடித்துவிட்டு எழுந்தேன்.

நவம்பர் 8

தெருவில் தீபாவளி வெடி. எங்களுக்கு இந்த வருஷம் இல்லை. பராங்குசம் வந்தான். முடிவைச் சொன்னேன். நடித்துக் காட்ட என்னால் முடியவில்லை, வாயால் சொன்னேன். அவன் தன்னால் ஆகாது, வேறு ஆளைப் போட்டுக்கொள்ளச் சொன்னான். அண்ணி கருமாதியில் சாப்பிட்ட கை இன்னும் ஈரம் காயவில்லை என்றான்.

"இதைச் சொன்னதே அவதான்" என்றேன்.

"அண்ணியா?"

"செஞ்சே காட்டினா. நான் சிரிச்சேன்."

அவன் எழுந்து மேல்துண்டை உதறிப் போட்டுக்கொண்டான். என்றைக்கு என்று மட்டும் கேட்டான்.

நவம்பர் 12

மழை விட்டு நல்ல வெயில். முதலாளி ஒரே ஒரு சுருள் பிலிம் கொடுத்தார், இதற்குமேல் கிடையாது என்று. பந்தலில் வாழைமரத்தையும் தோரணத்தையும் அவிழ்த்துவிட்டுத் துக்க வீடாக்கினோம். பந்தியில் உட்கார ஆட்களைப் பிடித்து, அழச் சொல்லிக் கொடுத்தேன்.

பராங்குசம் உட்கார்ந்தான். லாசர் கேமராவின் கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தான். அதை ஒரே சீராகச் சுற்ற வேண்டும், கை ஆடினால் படம் துள்ளிக் கெட்டுவிடும். கல் மாதிரி நிற்கிறவன் லாசர். பராங்குசம் முதல் கவளத்தை மென்று அழத் தொடங்கியதுமே அவன் வயிறு குலுங்கியது, கைப்பிடி உதறியது. நிறுத்தச் சொன்னேன். மன்னித்துக்கொள்ளுங்கள் அண்ணே என்றான். முகம் கழுவிக்கொண்டு வந்தான். மறுபடியும் ஆரம்பித்தோம். மறுபடியும் சிரித்துவிட்டான், இந்த முறை கண்ணில் நீர் வரும்படி. சுருளில் இன்னும் ஒரு தடவைக்குத்தான் மீதி இருந்தது.

"என்னால முடியலண்ணே. இதைப் பார்த்துக்கிட்டு எவனாலயும் சுத்த முடியாது" என்றான்.

அவனைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு நானே கைப்பிடியைப் பிடித்தேன்.

பராங்குசம் என்னை ஒரு தடவை பார்த்தான். பிறகு இலையைப் பார்த்து, கவளத்தை எடுத்து வாயில் வைத்தான். மென்றான், அழுதான். பந்தியில் அழ வந்தவர்கள் முந்தானையாலும் துண்டாலும் வாயைப் பொத்திக்கொண்டார்கள். அழுகிறவர்கள் என்றுதான் படத்தில் தெரியும். எனக்குப் பின்னால் முதலாளி நாற்காலியைப் பிடித்துக்கொண்டு ஐயோ ஐயோ என்று சிரிப்பது கேட்டது. பராங்குசம் இலையைத் தன் பக்கம் மடித்தான். நிமிர்ந்து பார்த்தான். ஒற்றை விரலால் அதை மெல்லத் திருப்பித் தள்ளினான். தோட்டம் முழுக்கச் சிரித்தது. சுருள் தீரும்வரை நான் சுற்றினேன். என் கை கொஞ்சங்கூட ஆடவில்லை.